லார்ட்லிங் சின்னையா

பெரிய கிராணி சின்னையா ஓய்வு பெறப்போகிறார் என்ற சேதி தொழிலாளர் குடியிருப்பான லயத்துக்கு வந்தபோது அழுதவர் எவருமில்லை. தஞ்சோங் காராங் பக்கம் இருந்த அந்தத் தோட்டத்தின் ஆபீஸில் தலைமைக் குமாஸ்தா நாற்காலியை முப்பது வருடம் தேய்த்தவர் அவர். நாற்காலியைத் தேய்த்த நேரம் போக மீதி நேரத்தில் மனிதர்களைத் தேய்த்தார். ஆனாலும் பிரியாவிடை விருந்து வைக்காமல் ஒரு கிராணியை அனுப்பும் வழக்கம் அங்கே கிடையாது. சந்தன மாலை, பொன்னாடை, நண்டுக் குழம்போடு சாப்பாடு, எல்லாவற்றுக்கும் மேலாகக் கண்ணாடிச் சட்டம் போட்ட ஓர் ஆங்கில வாழ்த்து மடல். வாய் நிறையத் திட்டிக்கொண்டே எல்லாவற்றையும் ஒரு குறையும் இல்லாமல் செய்து முடிப்பார்கள்.

அந்த வாழ்த்து மடலை எழுதும் வேலை அம்சவள்ளியின் தலையில் விழுந்தது. லயத்துத் தலைவர் இருசப்பனின் மகள் அவள். ரவாங் பட்டணத்தில் ஒரு தொழிற்சாலை ஆபீஸில் டைப்பிஸ்ட். தோழிகளோடு அங்கேயே வீடெடுத்துத் தங்கி, சனிக்கிழமையானால் பஸ் பிடித்துத் தோட்டத்துக்கு வருவாள். லயத்துப் பெண்களில் ஆங்கிலத்தில் கடிதம் எழுதத் தெரிந்தவள் அவள் ஒருத்திதான் என்பதில் இருசப்பனுக்குப் பெருமை. அவளுக்கு அதைவிடப் பெருமை.

சின்னையா அவளைப் பங்களாவுக்கு வரச் சொன்னார். பிரம்பு நாற்காலியில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். அவளை உட்காரச் சொல்லவில்லை. சொல்வார் என்று அவளும் எதிர்பார்க்கவில்லை.

"நல்லா எழுதணும். நாளைக்கு என் வீட்டு ஹால்ல மாட்டப்போறேன், நாலு பெரிய மனுஷங்க வந்து பாப்பாங்க. முக்கியமா லார்ட்லிங்குங்கிற வார்த்த வரணும். மறந்துறாத. மெக்கின்லி தொர எனக்குக் குடுத்த பட்டம் அது."

இந்தப் பட்டத்தின் கதை தோட்டத்தில் எல்லாருக்கும் மனப்பாடம். வெள்ளைக்காரத் துரைகள் இருந்த காலத்தில், கடைசித் துரையான மெக்கின்லி இவரைப் பார்க்கும்போதெல்லாம் "இதோ வருகிறார் நம் லார்ட்லிங்" என்று சிரித்துக்கொண்டே சொல்வாராம். துரை சிரித்ததைச் சின்னையா அன்பு என்று எடுத்துக்கொண்டார். துரை கப்பலேறிப் போன பிறகும் வார்த்தையை விடவில்லை. பங்களா வாசல் பலகையில் பெயருக்கு முன்னால் அதை எழுத வைத்தார். கோயில் திருவிழா நோட்டீஸில் 'லார்ட்லிங் சின்னையா அவர்கள் தலைமையில்' என்று அச்சானது. கிழவிகள்கூட "லாட்லிங்கு ஐயா வாராரு" என்று முக்காட்டை இழுத்து விட்டுக்கொண்டார்கள். அர்த்தம் கேட்டவனுக்கு அவரே விளக்கமும் சொல்வார்: "டார்லிங்னா என்னா? அன்பு. டக்லிங்னா? வாத்துக் குஞ்சு. அப்ப லார்ட்லிங்னா என்னா? அன்பான குட்டிப் பிரபுலா!" கேட்டவன் வாயைப் பிளந்துகொண்டு போவான்.

பிரபு என்ன செய்து கிழித்தார் என்பது அம்சவள்ளிக்குத் தெரியும். அவருடைய பங்களாவைத் தாண்டும்போது யாராக இருந்தாலும் சைக்கிளை விட்டு இறங்கித் தள்ளிக்கொண்டு போக வேண்டும். அது வெள்ளைக்காரன் போட்ட சட்டம்கூட இல்லை, இவராகப் போட்டது. அவள் சிறுமியாக இருந்தபோது ஒருநாள் அம்மா காளியம்மாவுக்கு அனலாய்க் காய்ச்சல். அப்பா அம்மாவைச் சைக்கிளின் பின்னால் உட்கார வைத்து ஆஸ்பத்திரிக் கொட்டகைக்கு மிதித்தார். அவசரத்தில் இறங்கவில்லை. சின்னையா கைதட்டிக் கூப்பிட்டார். திரும்பிப் போய், அம்மாவையும் இறக்கி விட்டு, பங்களாவின் வேலி முடியும் வரை இருவரும் நடந்து போகச் சொன்னார். அம்மா பாதி வழியில் செம்மண் சேற்றில் உட்கார்ந்துவிட்டாள். அப்பா "ஐயா, ஐயா" என்று கும்பிட்டுக்கொண்டே நின்றார். பின்னால் ஓடி வந்த அம்சவள்ளி அந்தக் கும்பிடு போட்ட கைகளைப் பார்த்தாள். காய்ச்சல் ஒரு வாரத்தில் இறங்கியது. அந்தக் கைகள் அவள் மனதை விட்டு இறங்கவேயில்லை.

ரவாங்குக்குத் திரும்பியதும் ஆபீஸ் அலமாரியிலிருந்த பெரிய அகராதியை எடுத்துப் புரட்டினாள். இத்தனை வருடமாகத் தோட்டத்தில் எவரும் செய்யாத காரியம் அது. லார்ட்லிங்: சிறிய பிரபு, அற்பப் பிரபு; பழைய வழக்கு; பெரும்பாலும் இகழ்ச்சிச் சொல்.

அவள் வாய்விட்டுச் சிரித்துவிட்டாள். பக்கத்து மேசையிலிருந்த தோழி கலாவதி என்னவென்று எட்டிப் பார்த்தாள். விஷயத்தைச் சொன்னதும் அவளும் சிரித்தாள்.

"அப்ப டார்லிங் மட்டும் எப்படி நல்ல வார்த்தயாச்சு?" என்றாள் கலாவதி.

அம்சவள்ளி அதையும் புரட்டிப் பார்த்தாள். அந்த 'லிங்' பிராணிகளோடு சேர்ந்தால் குஞ்சு, குட்டி. வாத்துக்கும் சேரும், கூஸ் என்ற பெருவாத்துக்கும் சேரும். பிரியமானவரோடு சேர்ந்தால் கொஞ்சல். ஆனால் பதவியோடு போய் ஒட்டிக்கொண்டால் அந்தப் பதவியை இடுப்பளவுக்கு வெட்டி விடும். எடுபிடியைச் சொல்லும் வார்த்தையிலும் அது இருந்தது, கூலிக்கு மாரடிப்பவனைச் சொல்லும் வார்த்தையிலும் இருந்தது. தமிழில் குட்டி என்றாலே மனசு இளகும். குட்டித் துரை என்றால்கூடக் கோபத்தில் பாதி கரைந்துவிடும். இந்த இங்கிலீஷ்காரனோ உதட்டில் சர்க்கரையைத் தடவிக்கொண்டு துப்பியிருக்கிறான். இந்த மனிதர் அதைத் துடைக்காமல் நெற்றியில் பூசிக்கொண்டு அலைந்திருக்கிறார்.

"சொல்லிடப் போறியா?" என்று கேட்டாள் கலாவதி.

"சொல்றதா? தங்க எழுத்துல போடப் போறேன்."

அன்று மாலையே எழுதி முடித்தாள். எங்கள் தோட்டத்தின் ஈடு இணையற்ற லார்ட்லிங்கே என்று தொடங்கியது மடல். நீங்கள் நடந்த வழியில் மற்றவர்கள் சைக்கிளிலும் போகத் துணிந்ததில்லை என்றது. உங்களைப் போன்ற லார்ட்லிங் இனிப் பிறக்கப்போவதில்லை என்று முடிந்தது. ஒவ்வொரு வரியிலும் ஊசி இருந்தது. சாகும் வரை அவர் வீட்டு ஹாலில் அது தொங்க வேண்டும், வருகிறவன் போகிறவனெல்லாம் வாசித்துவிட்டு வாசலில் நின்று சிரிக்க வேண்டும். அப்பாவின் கும்பிட்ட கைகளுக்கு அதுதான் விலை என்று அவள் நினைத்தாள். தான் எழுதியதைத் தானே திரும்பத் திரும்ப வாசித்து மகிழ்ந்தாள்.

ஒரே ஒரு விஷயத்தை அவள் யோசிக்கவில்லை. வாழ்த்து மடலில் எழுதியவர் பெயர் வராது. எந்தக் காலத்திலும் வந்ததில்லை. கீழே 'தோட்ட மக்கள் சார்பாக, தலைவர் இருசப்பன்' என்றுதான் போடுவார்கள். அவளே அதை டைப் அடித்தாள். பழக்கத்தில் கை அடித்தது, புத்தி பார்க்கவில்லை.

சின்னையா வரைவை வாங்கிப் பார்த்து உச்சி குளிர்ந்து போனார். லார்ட்லிங் என்ற வார்த்தை வந்த இடங்களை மட்டும் விரலால் தடவினார். "இதத்தான் இங்கிலீஷுங்கறது! இத புது மேனேஜர் வாயாலேயே வாசிக்க வைக்கணும்" என்றார். குழியை அவரே ஆழமாக்குகிறார் என்று அம்சவள்ளிக்குச் சந்தோஷம்.

ஞாயிற்றுக்கிழமை பகல், தமிழ்ப் பள்ளி மண்டபத்தில் விருந்து. கடலோரச் சுங்கை செம்பிலாங்கிலிருந்து வந்த நண்டு குழம்பாகிப் பின்கட்டில் மணத்தது. மேடையில் மேனேஜர், பக்கத்துத் தோட்டங்களின் மேனேஜர்கள் சிலர், நடுவில் கோட்டும் டையுமாகச் சின்னையா. பொன்னாடை கோட்டின் மேல் வழுக்கி வழுக்கி விழுந்துகொண்டிருந்தது. ஒவ்வொரு தடவையும் அதைத் தூக்கிப் போட்டுக்கொண்டார். இருசப்பன் ஓரமாக நின்றார். வெள்ளை வேட்டி, மகள் வாங்கிக் கொடுத்த புதுச் சட்டை. அவர் மேடையேறித் துரைமார் பக்கத்தில் நிற்பது அன்றுதான் முதல் தடவை. கீழே பெண்கள் வரிசையில் காளியம்மா கண்ணை எடுக்காமல் அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இருசப்பன் கண்ணாடிச் சட்டம் போட்ட மடலை இரண்டு கையாலும் ஏந்தி மேனேஜரிடம் கொடுத்தார். மேனேஜர் இளைஞர், லண்டனில் படித்துவிட்டு வந்தவர், தோட்டத்துக்கு மாற்றலாகிச் சில மாதங்களே ஆகியிருந்தன. ஒலிபெருக்கி முன் வந்து முதல் வரியை வாசித்தவர் சட்டென்று நின்றார். மீசைக்கடியில் உதடு துடித்தது. மறுபடி வாசித்தார். இரண்டாவது தடவை லார்ட்லிங் வந்ததும் அடக்க முடியாமல் சிரித்துவிட்டார். பக்கத்துத் தோட்டத்து மேனேஜர்களும் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார்கள்.

பெரியவர்கள் சிரிப்பதைப் பார்த்துக் கூட்டம் கைதட்டியது. ஏதோ சந்தோஷமான சமாசாரம் என்று நினைத்து இருசப்பனும் சிரித்தார். சிரித்துக்கொண்டே எல்லாரையும் பார்த்துக் கும்பிட்டார்.

மேனேஜர் அவர் தோளில் தட்டினார். "உங்க ஆளுங்க இங்கிலீஷ் ரொம்ப வேடிக்கைலா" என்று ஆங்கிலத்தில் சொல்லிவிட்டு, சின்னையாவின் பக்கம் குனிந்து ஆங்கிலத்திலேயே சமாதானம் சொன்னார். ஒலிபெருக்கி அதையும் பிடித்துக்கொண்டது. "தப்பா எடுத்துக்காதீங்க, அங்கிள். இது ஆளக் கேலி பண்ற வார்த்த. தன்னப் பெரிய பிரபுன்னு நெனச்சுக்கிற சின்ன ஆளச் சொல்றது. பாவம், இவங்களுக்குத் தெரியல."

சின்னையாவின் முகம் செத்தது. ஆனால் ஒரு கணம்தான். முப்பது வருடம் துரைகளிடம் பிழைத்த மனிதர். வார்த்தையைக் கைகழுவ அவருக்கு அதற்கு மேல் நேரம் தேவைப்படவில்லை. "நான் அப்பவே சொன்னேன் சார், இந்த வார்த்த வேணாம்னு. எங்கயோ கேட்டத எடுத்துப் போட்டுட்டாங்க" என்று ஆங்கிலத்தில் குழைந்தார். பிறகு இருசப்பன் பக்கம் திரும்பி, தமிழில் எரிந்து விழுந்தார். "அறிவிருக்காய்யா உனக்கு? படிக்காத ஜென்மம்னு இத்தன பேரு முன்னால காட்டிட்டியே! இந்த லயத்துக் கூட்டத்துக்கு எத்தன வருஷம் எழுதப் படிக்கச் சொன்னாலும் இதுதான்!"

வாசலில் பலகை தொங்கவிட்டவர் பேசிய பேச்சு இது. நோட்டீஸில் அச்சடிக்க வைத்தவர் பேசிய பேச்சு இது. இப்படியும் ஒரு மனிதன் இருப்பானா என்று கேட்காதீர்கள், இருந்தான்.

இருசப்பனின் சிரிப்பு அப்படியே உறைந்து நின்றது. என்ன குற்றம் செய்தோம் என்றே தெரியாமல், அவர் கைகள் பழையபடி மார்புக்கு நேராக ஏறின. "ஐயா, ஐயா..."

"என்னடி சொல்றாரு? ஏண்டி உங்கப்பாவ திட்றாரு?" என்று காளியம்மா மகளின் கையைப் பிடித்து உலுக்கினாள்.

அம்சவள்ளிக்கு அப்போதுதான் புத்தியில் உறைத்தது. தான் எய்தது எல்லாம் அப்பாவின் பெயரைச் சுமந்துகொண்டு போய் அப்பாவின் மேலேயே பாய்ந்திருக்கிறது. நாளைக் காலையில் பக்கத்துத் தோட்டம் வரை சிரிப்பார்கள், சின்னையாவைப் பார்த்து அல்ல. எழுந்தாள். மேடையேறினாள்.

"நான்தான் எழுதினேன், சார்" என்று மேனேஜரிடம் ஆங்கிலத்தில் சொன்னாள். "அர்த்தம் தெரிஞ்சுதான் எழுதினேன். அந்த வார்த்தய போடச் சொன்னது இவரு. இவரு வீட்டு வாசல்ல போயி பாருங்க, எழுதித் தொங்குது. எங்க அப்பாவுக்கு ஒண்ணும் தெரியாது."

மேனேஜரின் சிரிப்பு நின்றது. பக்கத்துத் தோட்டத்துக்காரர்கள் கூரையைப் பார்த்தார்கள். சின்னையா நழுவிய பொன்னாடையைத் தூக்கிப் போட மறந்து நின்றார்.

இருசப்பன் மகளைப் பார்த்தார். "என்னம்மா சொன்ன? எனக்கும் சொல்லு. என் பேரு போட்ட காயிதம்தானே?"

அவள் தமிழில் சொன்னாள். கிராணியைக் கேவலப்படுத்தி எழுதியதை, அவர் சாகும் வரை அதை ஹாலில் மாட்டிவைத்துப் பெருமைப்படட்டும் என்று நினைத்ததை, அம்மா சேற்றில் உட்கார்ந்த அந்த நாளை. "ஒங்களுக்காகத்தாம்பா செஞ்சேன்" என்றாள். கூட்டத்தில் யாரோ "சரியாத்தான் எழுதியிருக்கு" என்றார்கள். சிலர் கைதட்டவும் செய்தார்கள்.

இருசப்பன் கை காட்டி அவர்களை அடக்கினார். கும்பிட்ட கைகள் எப்போது கீழே இறங்கின என்று அம்சவள்ளி கவனிக்கவில்லை.

"இந்தாளு என்னத் திட்டுனதெல்லாம் எனக்குப் புரியற பாஷையில, என் மூஞ்சிக்கு நேரா நின்னு திட்டுனாரும்மா. நீ எனக்குத் தெரியாத பாஷையில எழுதி, என் பேருக்குப் பின்னால ஒளிஞ்சுக்கிட்ட." குரலை உயர்த்தாமல்தான் சொன்னார், ஒலிபெருக்கிதான் அதை மண்டபம் முழுக்கக் கொண்டுபோனது. "தமிழ்ல எழுதிக் குடுத்திருந்தா, நானே வாசிச்சிருப்பேனே."