வழக்கில் மிஞ்சிய பெயர்

அணு ஆயுதம் எங்கள் பலாவ் தீவுகளுக்குள் வரக் கூடாது என்று சட்டம் எழுதியது நாங்கள்தான். அதை மாற்றச் சொல்லி அமெரிக்கா திரும்பத் திரும்ப ஓட்டுப் போட வைத்தது. மாற்றத் தேவையான முக்கால்வாசி ஓட்டு ஒருமுறையும் தேறவில்லை. பாதிக்கு மேல் விழுந்தாலே போதும் என்று இப்போது விதியையே மாற்றிவிட்டார்கள். அதை எதிர்த்து எங்கள் ஊர்ப் பெண்கள் பதினொரு பேர் வழக்குப் போட்டோம்.

எங்கள் வழக்கால்தான் காசு வரவில்லை என்று சொல்லி அரசாங்க ஊழியர்களைச் சம்பளமில்லாமல் வீட்டுக்கு அனுப்பினார்கள். இரண்டு வீடுகளில் கல் விழுந்தது. ஒவ்வொருத்தியாகப் பின்வாங்கினார்கள். என்னோடு சேற்றில் நின்று சேப்பங்கிழங்கு பிடுங்கிய எபில்கூட, இப்போது என்னைக் கண்டால் வேறு வரப்பில் போகிறாள். மிஞ்சியது நான் ஒருத்தி.

நேற்று என் தம்பி வந்தான். எங்கள் குலத்துக்குத் தலைவன். எங்களில் தலைவனைத் தேர்ந்தெடுப்பது பெண்கள். மற்றவர்கள் வேண்டாம் என்றபோது ஒற்றைக்காலில் நின்று அவனுக்குப் பட்டம் வாங்கிக் கொடுத்தவள் நான்.

"அக்கா, உன் பேரையும் எடுத்துடு. எங்க பொம்பளைங்க எல்லாரும் வாபஸ் வாங்கிட்டாங்கன்னு தலைவர்கள் கூட்டத்துல சொல்லிட்டேன்."

"யாரைக் கேட்டுச் சொன்னே?"

"நீ மாட்டேன்னு சொல்லுவியான்னு நெனச்சேன்..."

"எங்களைக் கேக்காமப் பேசுற தலைவனுக்குப் பட்டம் நிக்காது. தெரியும்ல?"

"தெரிஞ்சுதான் கெஞ்சறேன். சம்பளம் வந்து மூணு மாசமாச்சு. புள்ளைங்க சாப்பிடணும்க்கா."

"குண்டு விழுந்துட்டா சாப்பாடு கேக்க மாட்டாங்க, வாஸ்தவம்தான்."

அவன் சிரிக்கவில்லை. நான் நீட்டிய பாக்கையும் தொடாமல் போய்விட்டான். உலகப் போர் என்று அடுத்தவர்கள் போட்ட சண்டையில் எங்கள் மலை எரிந்தபோது, கைக்குழந்தையான அவனை முதுகில் கட்டிக்கொண்டு காட்டுக்குள் ஓடியவள் நான். எனக்கு அப்போது ஒன்பது வயது. அந்தப் பயம் இன்னும் போகவில்லை.

இன்று நீதிமன்றத்தில் பெயர்களைப் படித்தார்கள். பத்துப் பெயருக்கும் வாபஸ். என் பெயர் வந்தபோது எழுந்து நின்றேன்.

"இருக்கேன்."

பின்வரிசையில் தலைவர்கள் எல்லோரும் என் தம்பியைத் திரும்பிப் பார்த்தார்கள். ஒரு பெயர் மிஞ்சியதால் வழக்கு நிலைத்து நின்றது. அவன் வார்த்தை நிற்கவில்லை.

வாசலில் குலத்துப் பெண்கள் காத்திருந்தார்கள். பட்டம் கட்டியபின் ஒருவனைப் பட்டப்பெயரில்தான் கூப்பிட வேண்டும். பட்டத்தைப் பறிக்கும்போது கட்டியவளே அவனைச் சொந்தப் பெயரில் கூப்பிட வேண்டும். அவர்கள் யாரும் என் முகத்தைப் பார்க்கவில்லை. தம்பி எங்களைக் கடந்து படியிறங்கினான்.

"சடாங்" என்று கூப்பிட்டேன்.

ஆறு வருடமாக அந்தப் பெயரை நான் சொன்னதில்லை. அவன் திரும்பாமல் நடந்தான்.