முன் சீட்டு ஏர்பேக்

"கவலையே படாதேக்கா, எச்சரிக்கை விளக்கு அணைஞ்சிடுச்சு பாரு" என்று என் பட்டறை வாசலில் சாவியை நீட்டினேன். அக்கா காரின் ஏர்பேக்குகளை இயக்கும் மாட்யூலில் கோளாறு. புதியதை மாட்டி, லேப்டாப்பில் கார் கம்பெனியின் டேட்டாபேஸைத் திறந்து, அந்த மாடலுக்குரிய அமைப்பை ஏற்றிவிட்டேன். பதினைந்தே நிமிடம். அவசரக்குடுக்கை என்று என்னைக் கேலி செய்யும் வீட்டார் வந்து பார்க்கட்டும் என்று ஒரே பீற்றல் எனக்கு.

அவள் மூன்று மாதக் குழந்தையைத் தன் பக்கத்து முன் சீட்டில், பின்பக்கம் பார்த்த குழந்தை சீட்டில் கட்டிக்கொண்டு கிளம்பினாள்.

ஏற்றிய அமைப்பை அச்சடித்த தாளை அப்புறம்தான் படித்தேன். பயணி பக்க ஏர்பேக் இயங்கும் என்றிருந்தது.

குழந்தை பிறந்ததும் அந்த ஏர்பேக்கை இயங்காமல் நிறுத்தி வைத்ததே நான்தான். பழைய மாட்யூலில் இருந்த அமைப்பைச் சேமித்து அதையே ஏற்றியிருக்க வேண்டும். டேட்டாபேஸ் தந்தது புதுக் காரின் அமைப்பு. இவளுக்குப் பிள்ளை பிறந்தது அதற்கு எப்படித் தெரியும்? எங்காவது மோதினால் அந்தப் பை வெடித்து விரிந்து குழந்தை சீட்டை அறையும். பிஞ்சுக் கழுத்து தாங்குமா?

போன் அடித்தேன், அடித்தேன், எடுக்கவில்லை. வண்டி ஓட்டும்போது போன் எடுத்தால் தொலைத்துவிடுவேன் என்று போன வாரம் கத்தியவனே நான்தான். நுணலும் தன் வாயால் கெடும்.

பைக்கை எடுத்து அவள் போன வழியே விரட்டினேன். ஷட்டரை இறக்கினேனா, தெரியாது. எங்கே பிரேக் கிறீச்சிட்டாலும் செத்துப் பிழைத்தேன். கடவுளே, என் கையை வேண்டுமானால் எடுத்துக்கொள், பிள்ளையை விட்டுவிடு.

பாலத்தடியில் கூட்டம். அக்கா கார் ஒரு லாரியின் பின்னால் மூக்கு நசுங்கி நின்றது. உள்ளே இரண்டு பக்கமும் வெள்ளைப் பை தொங்கியது.

"யோவ், பாத்துய்யா!" என்று யாரோ பிடித்தார். உதறிக்கொண்டு கதவைத் திறந்தேன். முன் சீட் காலி.

"இங்கடா" என்றாள் அக்கா. நடைபாதையில் உட்கார்ந்திருந்தாள், உதட்டில் ரத்தம். மடியில் குழந்தை வீறிட்டது. அழட்டும், நன்றாக அழட்டும்.

"முன்னாடிதானேக்கா கட்டின?"

"நீ கவலையே படாதேன்னு சொன்னாலே எனக்கு வயித்தக் கலக்கும்டா. அதான் முக்கு திரும்பினதும் நிறுத்தி, பின் சீட்டுக்கு மாத்திட்டேன்."

கேலிதான். சிரிக்கக்கூடப் பார்த்தாள். நான் சட்டைப் பையிலிருந்த தாளை எடுத்து நீட்டினேன்.

"என்னடா இது?" என்று எட்டிப் பார்த்தாள். பயணி பக்க ஏர்பேக் என்ற வரியில் விரலை வைத்துக் காட்டினேன்.

"நீயே படிச்சுச் சொல்லு" என்றாள்.