ஒட்டுக்கேட்டவன்

படிவத்தில் கையெழுத்துப் போட்டால் மனைவி மீதான கண்காணிப்பு முடிந்துவிடும். அவள் இறந்து இரண்டு மாதமாகிறது. செத்தவளாகவே இருந்தாலும், கணவனான இவன் நேரில் வந்து கையெழுத்துப் போடாமல் அந்த அலுவலகம் கோப்பை மூடாது.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்த குமாஸ்தாவுக்கு ஏறக்குறைய இவன் வயதுதான். கழுத்தில் ஹெட்போன்.

"மூணு வருஷமா அக்காவோட போன் லைன் என்கிட்டதான் சார்."

"அக்காவா?"

"பழகிடுச்சு சார். தங்கச்சிகிட்ட பேசுறப்போ நடுவுல ஒரு பாட்டு பாடுவாங்களே, பாதியிலேயே மறந்துட்டு அவங்களே சிரிப்பாங்களே..."

இவனுக்குத் தெரியாது. தெருவிளக்கு கேட்டு எழுதிய மனுவில் அவள் பெயரும் இருந்தது. அன்று தொடங்கியது கண்காணிப்பு. அதற்குப் பிறகு வீட்டில் உப்பைப் பற்றியும் மழையைப் பற்றியும்தான் பேசினார்கள். சுவருக்கும் காது இருக்கும் என்று பாட்டை நிறுத்தச் சொன்னவன் இவன்தான். நிறுத்திவிட்டாள் என்று நினைத்திருந்தான்.

"நான் கேக்குறேன்னு அவங்களுக்குத் தெரியும் சார். போனை வைக்கிறதுக்கு முன்னாடி, 'தம்பி, சாப்ட்டீங்களா?'ன்னு கேப்பாங்க."

"நீங்க என்ன சொல்லுவீங்க?"

"நாங்க பேசக்கூடாது சார்."

இவன் சாப்பிட்டானா என்று அவள் கடைசியாக எப்போது கேட்டாள்? யோசித்துப் பார்த்தான். நினைவுக்கு வரவில்லை.

"ஒரே ஒரு தடவை அந்தப் பாட்டைப் போடுங்க. கேட்டுட்டுப் போயிடுறேன்."

"குடும்பத்துக்குக் கேக்க அனுமதி இல்ல சார்."

"கையெழுத்துப் போட்டா?"

"அஞ்சு மணிக்குப் பதிவு எல்லாத்தையும் அழிச்சிடுவோம்."

"போடலைன்னா?"

குமாஸ்தா தலையைக் குனிந்துகொண்டான். "இருக்கும் சார். என்கிட்ட."

கயிற்றில் கட்டியிருந்த பேனாவை எடுத்தான். போடாவிட்டால் அவள் குரல் உலகத்தில் ஓரிடத்தில் இருக்கும். இவனுடைய காதில் அல்ல. அழுத்திப் போட்டதில் தாள் கிழிந்தது.

குமாஸ்தா கிழிசலைத் தடவிச் சரிசெய்து முத்திரை குத்தினான். சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தான். ஐந்தடிக்கப் பத்து நிமிடம் இருந்தது. ஹெட்போனைக் காதில் மாட்டிக்கொண்டு கண்ணை மூடினான்.

இவன் நகரவில்லை. கண்ணாடியில் நெற்றி படும்வரை குனிந்து பார்த்தான். குமாஸ்தாவின் முகத்தில் ஒரு சிரிப்பு வந்தது. பாட்டு மறந்துபோன இடமாக இருக்கும். அப்புறம் வெகுநேரம் அசைவில்லை. கடைசியில் உதடுகள் மட்டும் அசைந்தன. கண்ணாடி வழியாகச் சத்தம் வரவில்லை. ஆனாலும் இவனுக்குப் புரிந்தது.

சாப்ட்டேன்க்கா.

பேனாக் கயிறு இவன் விரலில் சுற்றியபடியே இருந்தது.