சுசோக் அன்று படைத்த சோறு

முன்னோருக்குப் படைக்கும் கொரியத் திருநாளான சுசோக் காலையில் கிராமக் கூடத்துக்குள் இருந்தவர்கள் ஐந்து பேர்: தாக் வீட்டுப் பெரியவர் மான்சிக், அவர் மனைவி பூன்னியோ, ஊர்த்தலைவர் மோ ஜேகில், கடலில் முக்குளித்துச் சிப்பி எடுக்கும் ஓக்ரே, படகு இயந்திரம் பழுதுபார்க்கும் கப்சு. வெளியே வலைக்கொட்டகையில் மூன்று பேர்: தூண்டில் போட வந்த குக் ஜோங்ஹோ, கூடாரம் அடித்துத் தங்க வந்த யோம் தேசு, அவர் மனைவி மீரான். பதினோரு நாளுக்கு முன் நிலம் ஆடி, கடல் எழுந்து வந்தபோது கல்மே தீவின் மேட்டில் நின்று பிழைத்தவர்கள் இந்த எட்டுப் பேர்தான். எதிர்க்கரையிலும் அதே கதி என்று வானொலி சொன்னது. பிறகு வானொலியும் ஓய்ந்தது.

மூன்றாம் நாள் ஜேகில் கூட்டம் போட்டார். கூடத்து அரிசி ஊர்க்காரர்களுக்கு மட்டும். வெளியார் பாறையில் ஒட்டும் சிப்பியைப் பொறுக்கிக்கொள்ளட்டும் என்றார். ஐந்து கைகளும் உயர்ந்தன. மான்சிக்கின் கையும்தான்.

எழுபத்தெட்டு வயதில் அவர் வெட்கப்பட்ட காரியங்கள் மிகக் குறைவு. இது உறுத்தியது. மீரான் நேற்று முதல் எழுந்து நிற்கவில்லை. சிப்பி அவள் வயிற்றில் தங்கவில்லை. இன்று, உயர்த்திய அந்தக் கையாலேயே இறந்த அப்பாவுக்குச் சோறு படைக்க வேண்டும். தாக் வீட்டு மூத்த மகன் என்று எந்த முகத்தோடு வணங்குவது?

விடிந்ததும் உப்புநீரில் முகம் கழுவி, கறுப்புக் கோட்டைக் கழுத்துவரை பொத்தானிட்டுக்கொண்டார்.

"நம்ம ரெண்டு பேரோட பங்கையும் வாங்கிப் பொங்கு" என்றார் மனைவியிடம்.

"ஏங்க, அப்புறம் நாம என்னத்தச் சாப்பிடறது?"

"அப்பா சாப்பிட்டது போக மீதிய."

அரிசிப் பெட்டியின் சாவியோடு உட்கார்ந்திருந்த ஜேகில் சலித்துக்கொண்டார். "ஐயா, எங்கப்பாவுக்கே இந்த வருசம் நான் ஒண்ணும் வைக்கல. செத்தவங்களுக்கு இப்பப் பசிக்காது."

"உங்கப்பன் உசுரோட இருந்தப்பவே என் வீட்டுலதான் வந்து சாப்பிடுவான். கிண்ணத்தக் கொண்டா. அவன் பேரையும் தாள்ல எழுதி ஒட்டுறேன்."

ஓக்ரே சிரித்துவிட்டாள். ஜேகில் சிரிக்கவில்லை. அவரும் மூத்த மகன். சாவியைத் திருப்பிப் பெட்டியைத் திறந்து, தன் பங்கு அரிசியைத் தானே அளந்து பூன்னியோவிடம் கொடுத்தார். ஓக்ரே புருஷனுக்காகத் தன் பங்கைக் கொடுத்தாள். கப்சு அம்மாவுக்காகக் கொடுத்தார். மான்சிக் அடுப்புக்கரியைக் குழைத்து, தாளில் இறந்தவர்களின் பெயரை ஒவ்வொன்றாக எழுதிச் சுவரில் ஒட்டினார்.

சோறு ஆவி பறக்க வந்தது.

"கதவத் திற" என்றார்.

"திறந்தா கொட்டகையில இருக்கறவங்க பார்ப்பாங்க, ஐயா" என்றார் கப்சு.

"முன்னோர் வர்றப்ப கதவு திறந்திருக்கணும். எங்கப்பா சன்னல் ஏறிக் குதிச்சு வரமாட்டாரு."

கப்சு திறந்தார். சோற்று மணம் கொட்டகை வரைக்கும் போயிருக்க வேண்டும். ஜோங்ஹோவும் தேசுவும் வாசலுக்கு வந்து, படியேறாமல் நின்றார்கள்.

"பாருங்க, வீட்டுக்கு மூத்த பிள்ள! சுசோக் வர்ற நேரத்துல படைக்கிறத விட்டுட்டு மீன் பிடிக்க வந்துருக்காரு" என்றாள் ஓக்ரே.

"தம்பி பார்த்துக்குவான்னு நெனச்சேன் அக்கா." ஜோங்ஹோ தொப்பியைக் கழற்றினார். "அவன் இருக்கானான்னே தெரியல." பிறகு மான்சிக்கைப் பார்த்தார். "ஐயா, எங்கப்பா பேரையும் எழுதுவீங்களா? எங்கிட்ட அரிசி கிடையாது."

மான்சிக் பெயரைக் கேட்டு எழுதி ஒட்டினார். காலிக் கிண்ணம் ஒன்றை எடுத்து, தன் அப்பாவின் கிண்ணத்திலிருந்து பாதியை அதில் மாற்றினார்.

"எங்கப்பா கம்மியாத்தான் சாப்பிடுவாரு. செருப்பக் கழட்டிட்டு உள்ள வாங்க."

தேசுவும் வந்தார். அனைவரும் இரண்டு முறை நெற்றி தரையில் பட வணங்கினார்கள். குனிந்த மான்சிக் மட்டும் எழ நெடுநேரம் ஆனது.

எழுந்ததும் ஜேகில் கிண்ணத்தை எட்டி எடுக்கப் போனார். "சடங்கு முடிஞ்சது. அவங்கவங்க கிண்ணத்த அவங்கவங்க எடுத்துக்கலாம்."

"கைய எடு" என்றார் மான்சிக். "படைச்ச சோறு தனியா ஒருத்தர் பங்கு இல்ல. இங்க நின்னு கும்பிட்டவங்க எல்லாரும் சாப்பிடணும். கொட்டகையில எழுந்திரிக்க முடியாமக் கிடக்குற பொண்ணுக்கும் போகணும்."

"இன்னைக்கு மட்டும்னா சரி. நாளைக்கு?"

"நாளைக்கும். அந்தப் பெட்டி அரிசிய இனிமே எட்டாப் பிரி."

"ஓட்டுப் போட்டு முடிவு பண்ணினது ஐயா. நீங்களும் கை தூக்குனீங்க."

"தூக்குனேன். தப்பு. உங்கிட்ட அதுக்கு விளக்கம் சொல்ல மாட்டேன். எங்கப்பாகிட்ட இப்பத்தான் சொல்லிட்டு எழுந்தேன்." அவர் குரல் உயரவில்லை. "முடியாதுன்னா, என் பங்கையும் இவ பங்கையும் எடுத்துக்கிட்டு நாங்க ரெண்டு பேரும் கொட்டகைக்குப் போயிடறோம். நீங்க மூணு பேரும் கதவச் சாத்திக்கிட்டு நல்லா இருங்க."

"என்னையும் சேர்த்தா?" என்றாள் பூன்னியோ.

"சேர்த்துத்தான்."

"ஐம்பது வருசத்துல ஒரு வார்த்த கேட்டுட்டு முடிவு பண்ணியிருக்கீங்களா?" அவள் மூலையிலிருந்த கம்பளியை மடிக்கத் தொடங்கினாள். "ஊறுகாய்ச் சட்டியும் என்னோடதுதான். அதுவும் வருது."

"அத்த, ஊறுகாய் போனா நானும் வர்றேன்" என்றார் கப்சு. ஓக்ரே ஏற்கெனவே எழுந்து நின்றிருந்தாள்.

ஜேகில் யாருடைய முகத்தையும் பார்க்கவில்லை. சுவரில் ஈரம் காயாமல் இருந்த தன் அப்பாவின் பெயரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"பத்து நாள்ல தீர்ந்துடும், ஐயா. எட்டாப் பிரிச்சா பத்தே நாள்."

"பத்து நாளும் எட்டுப் பேரும் சாப்பிடுவோம். பதினோராம் நாள் எல்லாரும் சேர்ந்து சிப்பி பொறுக்குவோம். ஓக்ரே நமக்கு முக்குளிக்கக் கத்துக் குடுப்பா."

"இவருக்கா? மிதப்பாரு" என்றாள் ஓக்ரே, ஜேகிலின் வயிற்றைப் பார்த்து.

ஜேகில் சாவியைத் தரையில் வைத்தார். தன் அப்பாவின் கிண்ணத்தை இரண்டு கைகளாலும் எடுத்துக்கொண்டு, செருப்புப் போடாமலே கொட்டகைக்கு நடந்தார். தேசு தண்ணீர்க் குவளையோடு அவர் பின்னால் ஓடினார். மற்றவர்கள் பாயில் வட்டமாக உட்கார்ந்தார்கள்.

அதிலிருந்து ஒன்பதாம் நாள் கப்பல் வந்தது. எட்டுப் பேரும் ஏறினார்கள்.

தாக் வீட்டுப் பெரியவர் அன்று தன் பங்கு முழுவதையும் வெளியாருக்குக் கொடுத்துவிட்டுப் பட்டினி கிடந்தார் என்று கரையில் இன்றும் சொல்கிறார்கள். அது உண்மையல்ல. மான்சிக் சாப்பிட்டார். படைத்தவர் வாய் வைக்காமல் மற்றவர்கள் தொட முடியாது என்பதால் முதல் கவளமே அவருடையதுதான்.