வக்கீல் வந்தாக

...இதோ நல்லகண்ணு மறுபடி கேட்கிறான், “என்னப்பா சொல்றான் அந்த இன்ஸ்பெக்டரு?” என்று, ஒவ்வொரு வரிக்கும் நான் இவனுக்குத் தமிழ் சொல்ல வேண்டும், ஞாயிறு ஆராதனை முடிந்து வந்து இன்னும் சட்டைகூட மாற்றவில்லை. டிவியில் வெள்ளைக்காரன் காலத்துக் கல்லூரி மாணவன், வெடிகுண்டு செய்து கூட்டாளியோடு மாட்டிக்கொண்டவன், என் மனைவி ஞானபாக்கியம் அவனுக்காகப் போன வாரமே அழுது தீர்த்துவிட்டாள். நாடகம் இந்தியில். அறுபத்தைந்தில் போடி ஸ்டேஷன் போர்டில் இந்தி எழுத்து மேல் தார் பூசிய நானும் நல்லகண்ணுவும் இப்போது முறுக்கு கடித்துக்கொண்டு இதைப் பார்க்கிறோம், யாரிடம் சொல்லிச் சிரிப்பது... எனக்கு இந்தி ஏலக்காய் வியாபாரத்தில் வந்தது, கான்பூர்காரன் போனில் கத்தினால் நானும் கத்துவேன். நல்லகண்ணு அப்படியில்லை, என் மூட்டைகளை ஏற்றிக்கொண்டு பத்து வருஷமாக நாக்பூருக்கு லாரி ஓட்டுகிறான், அங்கனயும் கையைக் காட்டித்தான் டீ வாங்குவேன் என்பான். வீம்பு பிடித்தவன். சற்று முன் நான் காபி எடுத்துவர உள்ளே போய்த் திரும்பினால் தனியாகச் சிரித்துக்கொண்டிருக்கிறான், திரையில் ஜெயில் சமையல்காரன் ஏதோ பேசிக்கொண்டிருந்தான்.

அந்த வீம்புதானே அன்றைக்குத் தார் வழக்கில் இவனை ஆறு மாசம் ஜெயிலில் வைத்தது, படிப்பைக் கெடுத்தது? வீம்பா, நானா? மன்னிப்புக் கடிதத்தில் கையெழுத்துப் போடுவதில்லை என்று லாக்கப்பில் இருவரும் கையடித்துக்கொண்டோம். மூன்றாம் நாள் நான் போட்டேன். நல்லகண்ணு சொல்லித்தான் செய்தேன் என்று ஒரு வரியும் எழுதினேன், அடிக்குப் பயந்து. இவனிடம் அப்பா வக்கீல் வைத்து என்னை வெளியே எடுத்தார் என்றேன், இருபத்து மூன்று வருஷமாக அந்த இல்லாத வக்கீலைக் காப்பாற்றிவருகிறேன், வெட்கமாகத்தான் இருக்கிறது... இப்போது திரையில் கூட்டாளி பேனாவை வாங்குகிறான். இன்ஸ்பெக்டர் சிரிக்கிறான், நண்பன் பெயரையும் எழுது என்கிறான். “என்னப்பா சொல்றான்?” சொல்லிவிடலாமா, இன்றைக்காவது... “வக்கீலு வந்துட்டாக, இவனை வெளிய கூட்டிட்டுப் போகப்போறாக” என்கிறேன். “வக்கீல் எங்கங்க இருக்காக?” என்கிறாள் ஞானபாக்கியம்.

நல்லகண்ணு முறுக்கைக் கீழே வைத்தான். “வருவாகத்தா, நல்ல வக்கீலு” என்றான், டிவியிலிருந்து கண்ணை எடுக்காமல். சமையல்காரன் பேசியதற்குச் சிரித்தானே, நான் அடுப்படியில் அல்லவா இருந்தேன், யார் அவனுக்குத் தமிழ் சொன்னது? அப்படியானால் இத்தனை வாரமும்... திரையில் கையெழுத்துப் போட்டுமுடித்தவன் ஏதோ சொல்லி அழுகிறான். நல்லகண்ணு என் பக்கம் திரும்புகிறான்.

“இப்ப என்னப்பா சொல்றான்?”