ஏழு நாற்பதுக்குப் பறக்கும் குருவிகள்

நான் எடுப்பதும் சினிமாதான். கதை கிடையாது, ஆள் கிடையாது, ஒலிகூடக் கிடையாது. சமையலறை ஜன்னலில் கேமராவை வைத்து, பின்பக்கத் தோட்டத்தைத் தினமும் காலை ஏழரை முதல் எட்டு வரை நான்கு வருடம் எடுத்தேன். புல், எறும்பு, குழாயடியில் தேங்கிய தண்ணீரில் குளிக்கும் குருவிகள். கேமரா அசையாது, நானும் அசைய மாட்டேன். "குத்துக்கல்லு மாதிரி உக்காந்திருக்கறதுக்குப் பேரு கலையா?" என்பாள் மனைவி. நான் பிடித்த முயலுக்கு எப்போதுமே மூன்று கால்தான்.

முதல் வாரமே, வேலைக்குக் கிளம்பும் அவசரத்தில் மகள் தோட்டத்தின் நடுவே நடந்து போய்விட்டாள். கத்தித் தீர்த்தேன். "மனுஷ வாடையே படக்கூடாதுன்னு எத்தனை வாட்டி சொல்றது? ஒரு நாள் பூரா பாழ்." அன்றைய பதிவை அவள் கண்ணெதிரிலேயே அழித்தேன். மறுநாளிலிருந்து அவள் செடிகளுக்குப் பின்னால், மதிலை ஒட்டிச் சுற்றிக்கொண்டு பின்கேட்டுக்குப் போனாள். எதிர்த்து ஒரு வார்த்தை பேசவில்லை. நல்ல பிள்ளை என்று நினைத்துக்கொண்டேன், மடையன்.

இப்போது அவளுக்கு வேறு நாட்டில் வேலை. போய் இரண்டு வருடமாகிறது, ஒருமுறைகூட வரவில்லை. படத்தைத் தொகுக்கிறேன் என்று உட்கார்ந்தவன், உண்மையில் அவளைத்தான் தேடிக்கொண்டிருந்தேன். கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு ஒரு மாதம் பார்த்தேன். ஒரு கைப்பை நுனி, ஒரு நிழல், எதுவுமில்லை. எறும்புகள் எல்லாம் இருக்கின்றன, என் பிள்ளை இல்லை.

மனைவி கையைத் துடைத்துக்கொண்டே பின்னால் வந்து நின்றாள்.

"அந்தக் குருவியெல்லாம் எதுக்குத் திடீர்னு எந்திரிச்சுப் போகுது?"

"காத்து." என் குறிப்பேட்டிலும் அப்படித்தான் எழுதியிருந்தேன்: ஏழு நாற்பது, காற்று.

"தினமும் அதே நேரத்துக்கா? ஒரு ஞாயித்துக்கிழமையப் போடுங்க."

போட்டேன். குருவிகள் சாவகாசமாகக் குளித்துக்கொண்டிருந்தன. மகள் காய்ச்சலில் படுத்துக் கிடந்த வாரத்தைப் போட்டேன். ஒன்றும் பறக்கவில்லை. அவள் நாட்டை விட்டுப் போன பிறகு ஒரு நாளும் பறக்கவில்லை.

"காத்தாம் காத்து," என்றாள் மனைவி. "உங்க மகதான் அது. செடிக்குப் பின்னால போறா."

அதன்பின் திரும்பத் திரும்பப் பார்த்தேன். குருவிகள் எழும்பும் அந்த நொடி, அவள் அங்கே இருக்கிறாள், என்னிடமிருந்து பத்தடியில். ஒரு நாள் கொஞ்சம் தாமதமாக எழும்பின. செருப்பைத் தேடியிருப்பாள். அழுதேன், அதில் எனக்கு வெட்கமொன்றும் இல்லை. அவளைப் பார்க்க வேண்டும்போல் இருந்தது, அவ்வளவுதான்.

போன் செய்தேன்.

"அடுத்த வாட்டி வரும்போது சுத்திப் போகாதம்மா. நடுவுல நேரா நடந்து வா."

"கேமரா ஓடிட்டிருக்குமாப்பா?"

"ஓடும். அதுக்குத்தான் சொல்றேன்."



"வேண்டாம்பா. உங்க ஷாட் கெட்டுடும். நான் சுத்தியே வந்துடறேன்."

கிண்டலாகச் சொல்லியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.