ஆற்றை எழுப்பும் பாட்டு

மாயக்கதை எழுதுகிறவர்கள் மேல் எனக்கு ஒரு கோபம் உண்டு. ராஜகுமாரன் வாளை உருவியிருப்பான், பூதம் வாயைப் பிளந்திருக்கும், நாம் நெஞ்சு படபடக்கப் பக்கத்தைப் புரட்டினால் அங்கே யாரோ ஒருத்தர் சாவகாசமாக உட்கார்ந்து பாடிக்கொண்டிருப்பார். வரிகள் மட்டும் அச்சில் இருக்கும். மெட்டு? அது படிக்கிறவர் தலையெழுத்து. நல்ல சாலையில் திடீரென்று வேகத்தடை வந்த மாதிரி இருக்கும் எனக்கு.

நான் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கிறவள். "கிளட்சை மெதுவா விடுங்க, மெதுவா, ஐயோ மெதுவான்னுதானே சொன்னேன்" என்று நாளெல்லாம் கத்திக் கத்தி என் தொண்டை கரகரத்துக் கிடக்கிறது. இந்தத் தொண்டையை வைத்துக்கொண்டு குட்டிக்கு நானே கதை படித்துக் காட்டுகிறேன் என்று சொல்லி மாட்டிக்கொண்டேன்.

குட்டி என் கணவரின் மகள். நாலாம் வகுப்பு படிக்கிறாள். அவளைப் பெற்றவள் நோயில் இறந்து இரண்டு வருடம் கழித்து நான் இந்த வீட்டுக்கு வந்தேன். என்னைச் சித்தி என்பாள், கேட்டதற்குப் பதில் சொல்வாள், போட்டதைச் சாப்பிடுவாள். விருந்துக்கு வந்த பிள்ளை மாதிரி அத்தனை மரியாதை. ஒரு நாளாவது எதிர்த்துப் பேசிக் கதவைப் படாரென்று சாத்தியிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும்.

அவளுக்கு உயிரான தடிப்புத்தகம் ஒன்று இருந்தது. அம்மா தினமும் படித்துக் காட்டியது. என் கணவர் லிஃப்ட் பழுது பார்க்கிறவர். வேலை முடிந்து வந்து அதைக் கையில் எடுத்தால் மூன்றாவது வரியில் அவரே தூங்கிவிடுவார். அதனால்தான் நான் முன்வந்தேன். கதையில் ஒரு பொல்லாத ஆறு. வாளுக்கும் அஞ்சாது, மந்திரத்துக்கும் மசியாது, இறங்கிய படகையெல்லாம் கவிழ்த்துவிடும். பெரிய மந்திரவாதியே கரையில் கையைப் பிசைந்துகொண்டு நிற்க, ஒரு ஓடக்காரி வந்து பாடி அந்த ஆற்றைத் தூங்க வைத்து எல்லோரையும் அக்கரை சேர்க்கிறாள்.

அந்தப் பாட்டை முதல் நாள் செய்தி வாசிப்பது போல வாசித்து வைத்தேன். குட்டி விட்டத்தைப் பார்த்துக்கொண்டு படுத்திருந்தாள். சரி, பிள்ளைக்கு இது போதாது போலிருக்கிறது என்று மறுநாள் எனக்குத் தெரிந்த ஒரு துள்ளல் மெட்டில் ஏற்றிப் பாடினேன். இரண்டு வரிகூட முடியவில்லை.

"சித்தி, நீங்க பாடாதீங்க."

"ஏன்டா, நல்லா இல்லையா?"

"பாடாதீங்க, ப்ளீஸ்."

என் கையிலிருந்து புத்தகத்தை வாங்கித் தலையணைக்கு அடியில் வைத்துவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். நான் எழுந்து சமையலறைக்குப் போனேன். கணவர் பாத்திரம் துலக்கிக்கொண்டிருந்தார்.

"நான் என்ன அவ்வளவு மோசமாவா பாடறேன்?"

"கொஞ்சம் மோசம்தான்" என்றார். என் முகத்தைப் பார்த்ததும் குழாயை மூடினார். "அது இல்ல விஷயம். அந்தப் பாட்டை அவ அம்மா சொந்தமா மெட்டுப் போட்டுப் பாடுவா. எந்த அத்தியாயம் படிச்சாலும் கடைசியில அந்தப் பக்கத்துக்கு வந்து அதைப் பாடினாத்தான் குட்டி தூங்குவா."

"இதை முன்னாடியே சொல்லித் தொலைக்கக் கூடாதா?"

"நீ பாடுவேன்னு நான் என்ன கனவா கண்டேன்?"

எனக்கு ஆற்றாமையாக இருந்தது. பொறாமையும்தான். உயிரோடு இல்லாதவளோடு போட்டி போடுகிற அளவுக்கு அற்பமா நீ என்று கேட்டால், ஆமாம், அன்றைக்கு அற்பம்தான்.

அந்தச் சனிக்கிழமை பள்ளி விடுமுறை. வீட்டில் யாரும் இல்லாததால் குட்டியைப் பயிற்சிக் காரின் பின்னிருக்கையில் உட்கார வைத்து அழைத்துப் போனேன். ஓட்டப் பழகியவர் ஒரு பல் டாக்டர். ஊர்ப் பல்லையெல்லாம் அசைத்துப் பிடுங்குகிற மனிதருக்கு ஒரு காரை அசைக்கத் தெரியவில்லை. மேட்டில் ஏறும்போதெல்லாம் என்ஜின் அணைந்துபோகும்.

மூன்றாவது முறை அணைந்தபோதுதான் பின்னாலிருந்து முணுமுணுப்பு காதில் விழுந்தது. குட்டி பாடிக்கொண்டிருந்தாள். நாலு வரி வந்து ஓரிடத்தில் நின்றாள். மறுபடி முதலிலிருந்து தொடங்கினாள். அதே இடத்தில் நின்றாள். முன்னால் டாக்டர் கையில் வண்டி நிற்கிறது, பின்னால் இவள் பாட்டு நிற்கிறது. எனக்கு யாரைக் கவனிப்பது என்று தெரியவில்லை.

டாக்டர் இறங்கிப் போனதும் நானும் பின்னிருக்கைக்குப் போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"என்னடா, அந்த இடத்திலேயே நிக்குது?"

ஜன்னல் கண்ணாடியில் விரலால் கோடு இழுத்தாள்.

"மறந்துபோச்சு."

"எது?"

"அம்மா பாடின மெட்டு. முதல் நாலு வரி இருக்கு. அடுத்த பக்கத்துல இன்னும் நாலு வரி இருக்குல்ல, அதுக்கு எப்படிப் பாடுவாங்கன்னு வரவே மாட்டேங்குது. நீங்க அன்னிக்குப் பாடினீங்களா, அதுல இருந்ததும் கலைஞ்சுபோச்சு. திரும்பப் பிடிக்கிறதுக்கு எவ்வளவு கஷ்டமா இருந்துச்சு தெரியுமா?" மூக்கைப் புறங்கையால் துடைத்தாள். "அம்மா முகம் போட்டோவுல இருக்கு. குரல் எதுலயும் இல்ல. இது ஒண்ணுதான் இருந்துச்சு. அதையும் பாதி தொலைச்சிட்டேன்."

பாவி, பிள்ளை கையில் கடைசியாக மிஞ்சியிருந்ததையும் கலைத்துவிட்டுத்தான் ரோஷப்பட்டுக்கொண்டு திரிந்தேனா?

"அப்பாவுக்குத் தெரிஞ்சிருக்கும். கேட்போம்."

"வேண்டாம் சித்தி. நான் மறந்துட்டேன்னு தெரிஞ்சா அப்பா அழுவாரு."

"நீ மறந்ததை நான் ஏன் சொல்றேன்? எனக்குக் கத்துக்கணும்னு கேட்கிறேன். போதுமா?"

மாலையில் கணவர் வந்து கையிலிருந்த கிரீஸைக் கழுவி முடிப்பதற்குள் பிடித்துக்கொண்டேன். "அந்த ஆத்துப் பாட்டைக் கொஞ்சம் பாடிக் காட்டுங்க."

"இப்பவா? எனக்கு எங்க பாட வரும்?"

"வரலைன்னா என்ன, இந்த வீட்டுல யாருக்கு வருது? பாடுங்க."

நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து, துண்டை மடியில் போட்டுக்கொண்டு, கூச்சத்தோடு பாடினார்.

*ஆறே ஆறே, அலையை மடித்து வை*
*ஆழத்து மீனை அணைத்துப் படுக்க வை*
*அக்கரை சேரும் வரை கண்ணை மூடு*
*அதுவரை நான்தான் உனக்குக் காவல்*

அத்தனை எளிமையான மெட்டு. கேட்டதும் எனக்கே தூக்கம் கண்ணைச் சுழற்றியது. குட்டி வாசற்படியில் கதவைப் பிடித்துக்கொண்டு மூச்சுவிடாமல் நின்றாள்.

"அப்புறம்?" என்றேன்.

"அவ்வளவுதான்."

"என்ன அவ்வளவுதான்? அடுத்த பக்கத்துல இன்னும் நாலு வரி இருக்கு. நல்லா யோசிச்சுப் பாருங்க."

"இருக்கும். அவ பாடினதில்லையே."

"பாடினதில்லையா?"

"பாடறதுக்குக் கேட்கிற ஆள் முழிச்சிருக்கணுமே! நாலாவது வரி முடியறதுக்குள்ள இவ குறட்டை விட்டுடுவா. அவ புத்தகத்தை மூடி வச்சிட்டு, 'இன்னிக்கும் ஆறு தூங்கிடுச்சு'ன்னு சிரிச்சுக்கிட்டே வெளிய வருவா. நான் தினமும் கதவுக்கு இந்தப் பக்கம் நின்னு கேட்டவன். அவ அடுத்த பக்கத்தைத் திருப்பினதே கிடையாது."

"ஒரு நாள்கூடவா?" என்றாள் குட்டி.

"ஒரு நாள்கூட இல்லடா."

"அப்போ நான் மறக்கலையா?"

"எதை?" என்று விழித்தார் அவர்.

கதவைப் பிடித்தபடியே விசும்பத் தொடங்கி, ஓடிவந்து அப்பா மடியில் விழுந்து ஓவென்று அழுதாள். அவர் ஒன்றும் புரியாமல் என்னைப் பார்த்தார். அழட்டும் என்று சைகை காட்டினேன். எனக்கும் கண் நிறைந்துவிட்டது. மறந்துவிட்டோம், மறந்துவிட்டோம் என்று இந்தச் சின்ன உடம்பு எத்தனை நாளாகப் பயந்துகொண்டிருந்ததோ.

அழுகைக்கு நடுவே அப்பாவை ஒரு குத்து குத்தினாள். "ஏன் யாரும் என்னை எழுப்பல? எழுப்பியிருந்தா முழுசாக் கேட்டிருப்பேன்ல!"

அவர் மடியிலிருந்த துண்டால் அவள் முகத்தைத் துடைத்தார்.

சாப்பிட்டு முடிந்ததும் புத்தகத்தோடு அவளே என்னிடம் வந்தாள். படுக்கையில் எனக்கு இடம் விட்டு நகர்ந்து உட்கார்ந்து, அந்த மறுபக்கத்தைத் திறந்தாள்.

"இதை யாருமே பாடினதில்லையா சித்தி?"

"நம்ம வீட்டுல யாரும் பாடினதில்ல."

"அப்போ நீங்க பாடினா எதுவும் கலையாதுல்ல?"

"கலையாதுடா" என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை.

முதலில் மனதுக்குள் படித்துப் பார்த்தேன். எல்லோரையும் அக்கரையில் இறக்கிவிட்டுத் தானும் இறங்கிய பிறகு ஓடக்காரி திரும்பி நின்று ஆற்றை எழுப்புகிறாள். எழுப்பாமல் போய்விட்டால் அது காலமெல்லாம் அப்படியே கிடந்துவிடுமாம். அட, எழுப்புகிற பாட்டா, அது என் தொண்டைக்குத் தாங்கும் என்று துணிந்து, வாய்க்கு வந்த மெட்டில் ஆரம்பித்தேன்.

*ஆறே ஆறே, அக்கரை சேர்ந்தாச்சு*
*மடித்த அலையை உதறி விரி*
*இறங்கியவள் கை அசைக்கிறாள்*
*எழுந்து பார், பிறகு ஓடு*

மூன்றாவது வரியில் கார் நின்றது போல நின்றுவிட்டேன். குட்டி புத்தகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த வரியின் மேல் விரலை வைத்து மெதுவாகத் தடவினாள்.

"இந்த இடத்துல கொஞ்சம் இழுத்துப் பாடணும்" என்றாள். "சீக்கிரம் போனா அவங்க கை காட்டறது தெரியாது."

இழுத்துப் பாடினேன். இன்னும் என்றாள். இன்னும் இழுத்தேன். வெளியே கணவர் கதவோரம் வந்து நிற்பது தெரிந்தது. பார்க்காதது போல இருந்துவிட்டேன்.

"சரி, இப்போ முழுசா. முதல் பாதி நான், அடுத்த பாதி நீ" என்றாள் குட்டி.

கண்ணை மூடிக்கொண்டு அவள் பாடினாள். அவள் அம்மாவை நான் பார்த்ததில்லை, அந்த அம்மாவின் குரலைக் கேட்டதில்லை. அன்றைக்குக் கேட்டேன். நாலாவது வரி முடிந்தது. குட்டி தூங்கவில்லை. பக்கத்தைத் திருப்பிவிட்டு முழங்கையால் என் விலாவில் ஒரு இடி இடித்தாள்.

"ம், பாடு."